சிரித்த முகங்களை எடுத்த டீச்சர்

கெசியா டீச்சர் படம் எடுத்தால் ஆள் நிலைக்காது என்று எங்கள் தெருவில் முதலில் சொன்னது யார் என்று எனக்குத் தெரியாது. எப்போது சொல்ல ஆரம்பித்தார்கள் என்பது மட்டும் தெரியும். போன வருடம் ஆடி மாதம், அவர் படம் எடுத்தவர்களில் நான்காவது ஆள் இறந்த பிறகு.

எங்கள் ஊர் பூலாங்கரை. பாளையங்கோட்டையிலிருந்து ஆழ்வார்திருநகரி போகிற பஸ்ஸில் பாதி வழியில் இறங்கி, வாழைத் தோட்டங்களுக்கு நடுவே இரண்டு கிலோமீட்டர் நடக்க வேண்டும். ஆறு பக்கத்தில்தான் ஓடுகிறது. இருந்தாலும் எங்கள் கீழத்தெருவுக்குக் குடிதண்ணீர் ஆற்றிலிருந்து வருவதில்லை. ஊருக்கு மேற்கே உள்ள ஆழ்துளைக் கிணற்றிலிருந்து குழாயில் வருகிறது. அந்தக் கிணற்றுக்கும் மேற்கே, ஓடைக்கரையில், பழைய பேட்டரிகளை உடைத்து உருக்கி ஈயம் எடுக்கிற ஒரு கம்பெனி ஆறு வருடமாக நடக்கிறது. அதற்குப் பெயர்ப்பலகை கிடையாது. இதையெல்லாம் அடுத்தடுத்து எழுதும்போது யாருக்கும் விஷயம் புரிந்துவிடும். அங்கேயே குடியிருந்த எங்களுக்குப் புரியவில்லை.

டீச்சருக்குச் சொந்த ஊர் பாளையங்கோட்டை. அப்பா அம்மா இரண்டு பேரும் ஆசிரியர்கள். அவரும் ஒரு பள்ளியில் பதினொரு வருடம் ஓவியம் சொல்லிக்கொடுத்தவர். ஏன் வேலையை விட்டார் என்று ஒருநாள் கேட்டேன்.

“ஏழாம் வகுப்புப் பிள்ளைகள ஆறு வரையச் சொன்னேன். எல்லாம் நீலம் அடிச்சிது. ஒருத்தன் மட்டும் கறுப்பு அடிச்சான். அவன் வீடு சாக்கடை வந்து விழுற படித்துறைக்குப் பக்கத்துல. சரி, அத ஒருநா பாத்துட்டு வருவோம்னு போனேன். அப்படியே போனவதான்” என்றார்.

அதற்குப் பிறகு ஒரு பழைய கேமராவை வாங்கி, ஸ்கூட்டரில் ஆற்றங்கரை ஊர்களாகச் சுற்றி, தண்ணீர் கெட்டுப்போன இடங்களைப் படம் எடுத்தார். எங்கள் தெருவில் வயிற்றுவலியும் கிட்னிக் கோளாறும் அதிகம் என்று கேள்விப்பட்டுத்தான் வந்தார். அப்போது அவருக்கு முப்பத்தொன்பது வயது.

அவர் படம் எடுக்கிற விதமே தனி. வந்ததும் கேமராவை வெளியே எடுக்க மாட்டார். எதிரில் தரையில் உட்கார்ந்து பென்சிலால் முகத்தை வரைவார். ஒரு மணி நேரம் ஆகும். அந்த ஒரு மணி நேரமும் கதை பேசுவார். எதிரில் இருக்கிறவர் தன்னை மறந்து வாய்விட்டுச் சிரிக்கும்போது கேமரா ஓட ஆரம்பிக்கும். “அழுகிற ஆள எல்லாரும் வந்து எடுத்துட்டுப் போறாங்க. இவங்க சிரிப்பு எப்படியிருக்கும்னு பாக்கிறவங்களுக்குத் தெரியணும். அது போனா என்ன போகுதுன்னு அப்பதான் தெரியும்” என்பார். அடுத்த தடவை வரும்போது, அந்தச் சிரிப்பை ஒரு போட்டோவாகப் போட்டு வீட்டுக்குக் கொடுத்துவிடுவார்.

வினை அந்தப் போட்டோவில்தான் வந்தது.

முதலில் பெட்டிக்கடை சிவசண்முகம் அண்ணாச்சி இறந்தார். வீட்டில் அவருக்கு வேறு நல்ல படம் இல்லை. டீச்சர் கொடுத்த போட்டோவைத்தான் ஃபிளெக்ஸ் அடிக்கக் கொடுத்தார்கள். தெருமுனையில் எட்டடி உயரத்துக்கு அண்ணாச்சி சிரித்துக்கொண்டு நின்றார். பின்னால் நீல வானம், மேகம், ஒரு குத்துவிளக்கு, ‘கண்ணீர் அஞ்சலி’ என்ற எழுத்து. உயிரோடு இருந்த காலத்தில் அவருக்கு அத்தனை சுத்தமான சிரிப்பு இருந்ததாக எனக்கு ஞாபகம் இல்லை.

பிறகு ஒருவர், அதற்குப் பிறகு இரண்டு பேர். எல்லாரும் டீச்சரின் போட்டோவிலேயே நின்றார்கள். பதினாறாம் நாள் காரியம் முடிந்ததும் ஃபிளெக்ஸை யாரும் தூரப் போடுவதில்லை. கெட்டியான ஷீட் அல்லவா. குளிக்கிற இடத்துக்கு மறைப்பாகக் கட்டுவார்கள், ஆட்டுக்கொட்டகைக்குக் கூரையாகப் போடுவார்கள், மிளகாய் வற்றல் காயப்போட விரிப்பார்கள். அதனால் எங்கள் தெருவில் செத்தவர்கள் எல்லாப் பக்கமும் இருந்தார்கள். சிவசண்முகம் அண்ணாச்சி கொட்டகை மேலே மல்லாந்து கிடந்து வானத்தைப் பார்த்துச் சிரித்தார். இன்னொருவர் குளிக்கிற பெண்களைப் பார்க்கக்கூடாது என்று தலைகீழாகக் கட்டப்பட்டிருந்தார். உச்சி வெயிலில் தெருவில் ஆள் நடமாட்டம் இருக்காது. காற்று அடித்தால் ஷீட் உப்பி, அடங்கும். அப்போது முகம் அசையும். அந்த நேரத்தில் அந்த வழியாகப் போனால் நான் குனிந்துகொண்டே போவேன்.

ஆடி முடிவதற்குள் பேச்சு பரவிவிட்டது. டீச்சர் ஸ்கூட்டர் சத்தம் கேட்டால் ஒவ்வொரு கதவாகச் சாத்தினார்கள். பிள்ளைகளை உள்ளே இழுத்துக்கொண்டார்கள். டீச்சர் தெரு நடுவில், குழாயடியில், தனியாக நிற்பார். மொத்தம் பதினொரு பேரை எடுத்திருந்தார். ஆவணிக்குள் ஏழு பேர் இல்லை.

“எனக்கே பயமாத்தான் இருந்துது” என்று பிறகு என்னிடம் சொன்னார். “கேமராவத் துணியில சுத்தி அலமாரியில வச்சிட்டேன். ஜெபத்துல உக்காந்தாலும் அந்த ஏழு பேர் சிரிப்புதான் முன்னால நிக்கிது.”

அவரால் அப்படியே விட்டுவிடவும் முடியவில்லை. தண்ணீரைச் சோதிக்கச் சொல்லித் தெருவுக்காக அவர் எழுதிக்கொடுத்த மனுவுக்கு அரசு அலுவலகத்திலிருந்து பதில் வந்திருந்தது. கிணற்றுத் தண்ணீரில் கிருமி இல்லை, இறந்தவர்கள் வயதாலும் சர்க்கரையாலும் குடியாலும் இறந்தவர்கள் என்று அதில் இருந்தது. எதிர்ப்பு இருந்தால் புரட்டாசி இரண்டாவது செவ்வாய்க்கிழமை விசாரணைக்கு ஆதாரத்தோடு வரலாம். டீச்சர் நேரில் போய்க் கேட்டபோது அங்கிருந்தவர், “செத்தவங்க போட்டோவக் கொண்டாந்து என்னம்மா செய்ய? உசிரோட இருக்கவங்களக் கொண்டாங்க” என்றாராம். உயிரோடு இருந்தவர்கள் கதவைச் சாத்தியிருந்தார்கள். குழாயில் தண்ணீர் வந்துகொண்டுதான் இருந்தது. நாங்கள் குடித்துக்கொண்டுதான் இருந்தோம்.

விசாரணைக்கு ஒன்பது நாள் இருக்கும்போது, ஒரு மத்தியானம், டீச்சர் கேமரா இல்லாமல் வந்தார். ஒரே ஒரு வீடு திறந்திருந்தது. ஆவுடைத்தாய் அக்கா வீடு. ஐம்பத்திரண்டு வயது, புருஷன் இல்லை, பிள்ளை இல்லை. மடியில் முறத்தை வைத்துப் பீடி சுற்றிக்கொண்டிருந்தார்.

“என்ன டீச்சர், இன்னைக்கு யார் வீட்டுக்கு நாள் குறிச்சிருக்கிய?”

“உங்க வீட்டுக்குத்தாங்க்கா” என்றார் டீச்சர். அவருக்கும் பேசத் தெரியும்.

அக்கா சிரித்தார். “எனக்கு நீங்க தேவையில்ல. நான் ஏற்கெனவே குடுத்தாச்சி.”

“என்னத்த?”

“போட்டோவ. வண்ணார்பேட்டையில ஃபிளெக்ஸ் கடையில. எனக்கு அடிச்சிக் கட்ட இங்கன யாரு இருக்கா? நானே பஸ் ஏறிப் போயி, பச்சக் கலர் சேல, மேல மேகம், ஓரத்துல ரெண்டு புறா, எல்லாஞ் சொல்லிட்டு வந்துட்டேன். தேதி மட்டுந்தான் பாக்கி.”

அக்கா வலது கையை நீட்டினார். மணிக்கட்டுக்குக் கீழே கை தொங்கியது. தூக்கப் பார்த்தார், விரல் மட்டும் லேசாக அசைந்தது. “சிவசண்முகம் அண்ணாச்சிக்கும் மொதல்ல கைதான் தொங்கிச்சி. பொறவு வயிறு. பொறவு நீங்க வந்து எடுத்திய. எனக்கு முதல் ரெண்டு வந்தாச்சி. மூணாவது வேண்டாம்னுதான் உங்களுக்கு டிமிக்கி குடுத்துட்டு இருக்கேன்.”

சொல்லிவிட்டு மறுபடியும் சிரித்தார். முறத்தில் இருந்த பீடிகளில் பாதி பிரிந்து கிடந்தன.

மறுநாள் காலை டீச்சர் வண்ணார்பேட்டை போனார். அக்கா விளையாட்டுக்குச் சொன்னாரா என்று தெரிந்துகொள்ளத்தான் போனார். கடை ஒரு டீக்கடை மாடியில் இருந்தது. கம்ப்யூட்டரில் டிசைன் பண்ணுகிறவர் பெயர் உமர் பாரூக், இருபத்தேழு இருபத்தெட்டு வயது இருக்கும். பூலாங்கரை என்றதும் எழுந்து நின்றுவிட்டார்.

“நீங்கதானா அந்த டீச்சர்? உங்க போட்டோல்லாம் நல்ல லைட்டிங்க்கா. சும்மா சொல்லக்கூடாது. ஆனா உங்க கேமராவுல ஒரு கோளாறு இருக்கு. உங்களப் பாத்தா சொல்லணும்னு நெனச்சிட்டே இருந்தேன்.”

“என்ன கோளாறு?”

“வாய்க்குள்ள நீலமா ஒரு கோடு விழுது.”

டீச்சர் நாற்காலியை இழுத்துப் போட்டுத் திரைக்கு முன்னால் உட்கார்ந்தார். உமர் பாரூக் ஊருக்கு ஒரு ஃபோல்டர் வைத்திருந்தார். முதலாம் ஆண்டு நினைவு நாளுக்கு அதே முகத்தைக் கேட்டு வருவார்கள் என்பதால் எதையும் அழிப்பதில்லை. பூலாங்கரை ஃபோல்டரில் மூன்று வருடத்துச் சாவு இருபத்திமூன்று இருந்தது. பெயர், வயது, தேதியோடு. முதல் படத்தைத் திறந்தார். சிவசண்முகம் அண்ணாச்சி பளிச்சென்று சிரித்தார்.

“இது நான் சரி பண்ணது. இப்பப் பாருங்க.” திரையின் ஓரத்தில் கண் மாதிரி ஒரு சின்னப் படம் இருந்தது. அதை அழுத்தி, தான் சரிபண்ணியதை மறைத்தார். அண்ணாச்சியின் பல்லும் ஈறும் சேருகிற இடத்தில், கறுப்பா நீலமா என்று சொல்ல முடியாத ஒரு கோடு வந்தது. பேனாவால் இழுத்த மாதிரி மெல்லியதாக, பல்லுக்குப் பல் வளைந்து போனது.

அடுத்த படம். அழுத்தினார், கோடு வந்தது. அடுத்தது. அழுத்தினார், வந்தது. வாயை மூடிக்கொண்டிருந்த ஐந்து பேரை விட்டுவிட்டால் மீதிப் பதினெட்டுப் பேருக்கும் வந்தது. அதில் டீச்சர் எடுத்தது ஏழுதான். மற்றதெல்லாம் கல்யாண வீட்டில், கோவில் கொடை விழாவில், யாரோ போனில் எடுத்தவை.

“எல்லாத்துலயும் நீங்களே அழிச்சீங்களா?”

“பின்ன? போன்ல எடுத்தா அப்படித்தான் விழும்னு நெனச்சேன். அசிங்கமா இருக்குல்லாக்கா. மௌத்தா போனவங்கள நாம அழகா அனுப்பி வைக்கணும். அதுக்குத்தான வாராங்க” என்றார் உமர் பாரூக். அவர் குரலில் கொஞ்சம் பெருமையும் இருந்ததாம்.

கடைசியாக இன்னொரு படம் இருந்தது. பச்சைச் சேலை, இரண்டு புறா, தேதி இருக்க வேண்டிய இடம் வெள்ளை. டீச்சர் சொல்லாமலேயே அவர் அழுத்தினார். ஆவுடைத்தாய் அக்காவின் சிரிப்பிலும் கோடு இருந்தது. அந்த அக்காவை டீச்சர் ஒரு தடவைகூடப் படம் எடுத்ததில்லை.

டீச்சர் தன் நோட்டுப்புத்தகத்தைப் பிரித்துப் பார்த்தார். ஒரு மணி நேரம் எதிரில் உட்கார்ந்து வரைந்த பதினொரு முகங்கள். ஒன்றில்கூட அந்தக் கோடு இல்லை. பல்லை விவரமாக வரையாதே, வெள்ளையாக விட்டுவிடு என்று பதினொரு வருடம் பிள்ளைகளுக்குச் சொன்னவர். அவருடைய கையும் அதைத்தான் செய்திருந்தது. “அந்தத் தம்பிய நான் என்ன குத்தம் சொல்ல? அவரு அழிச்சாரு. நான் பாக்கவே இல்ல” என்றார் என்னிடம்.

“இந்தக் கோட்டோட எல்லாத்தையும் எனக்குப் பிரிண்ட் போட்டுத் தாங்க.”

“இத யாருக்கா கட்டுவா?” என்று கேட்டுக்கொண்டே போட்டுக்கொடுத்தார்.

அன்று மத்தியானமே டீச்சர் எங்கள் தெருவுக்கு வந்தார். வழியில் தெரிந்த ஒரு டாக்டரிடம் காட்டிவிட்டு வந்திருந்தார். நேரே ஆவுடைத்தாய் அக்கா வீட்டுக்குப் போய், படத்தை முறத்தின் மேல் வைத்தார்.

“இத நான் எடுக்கலக்கா. நீங்க போன்ல எடுத்துக் குடுத்தது. வாயப் பாருங்க. ஈயம் உடம்புல சேந்தா இப்படிக் கோடு விழுமாம். கை தொங்குறதும் அதுதானாம்.”

அக்கா படத்தைப் பார்த்தார். பிறகு சுவரில் மாட்டியிருந்த கண்ணாடியை இடது கையால் எடுத்து, வெளிச்சத்துக்கு வந்து, வலது கை தூக்க வராததால் மேலுதட்டை நாக்கால் தள்ளிப் பார்த்தார். ரொம்ப நேரம் பார்த்தார்.

“ஏட்டி விஜயஸ்ரீ!” என்று அக்கா பக்கத்து வீட்டைப் பார்த்துக் கூப்பிட்டார். “இங்கன வா. வாயத் தொற.”

“என்ன சித்தி, மாடு வாங்கவா போறிய?” என்று கேட்டுக்கொண்டே விஜயஸ்ரீ வந்தாள். இருபத்துநாலு வயது, இரண்டு பிள்ளைக்காரி. வாயைத் திறந்தாள். அக்கா கண்ணாடியை அவள் கையில் கொடுத்தார். விஜயஸ்ரீ அதோடு வீட்டுக்குள் ஓடினாள், தன் பிள்ளைகளின் வாயைப் பார்க்க.

அந்தக் கண்ணாடி அன்றைக்கு வீடு வீடாகப் போனது. கதவுகள் ஒவ்வொன்றாகத் திறந்தன. வெயிலில் ஆளுக்கொரு மூலையில் நின்று உதட்டைத் தூக்கிப் பார்த்தார்கள். தாய் பிள்ளையின் வாயைப் பார்த்தாள், பிள்ளை தாயின் வாயைப் பார்த்தது. அத்தனை பேர் தெருவில் நின்றும் கோழி கிளறுகிற சத்தம் கேட்டது. என் தம்பிக்கு இருந்தது. எனக்குப் பாதி இருந்தது.

இருந்தும், விசாரணைக்குக் காட்ட எல்லார் வாயையும் கேமராவில் எடுக்கலாம் என்று டீச்சர் சொன்னதும் கூட்டம் பின்வாங்கியது. “தண்ணி பாதி, அது பாதியா இருக்கப்போவுது” என்றார் ஒருவர்.

“கேமராவா கொன்னுச்சி?” என்றார் ஆவுடைத்தாய் அக்கா. “நாம சிரிச்சப்ப அது பாத்துச்சி. நாமதாம்லே பாக்கல. எடுங்க டீச்சர். எனக்கு ஃபிளெக்ஸே ரெடி, எனக்கென்ன.”

மறுநாள் குழாயடியில் டீச்சர் கேமராவை ஸ்டாண்டில் நிறுத்தினார். இந்தத் தடவை யாரையும் வரையவில்லை, சிரிக்கவைக்கவில்லை. ஒவ்வொருவராக வந்து, பெயரும் வயதும் சொல்லி, உதட்டைத் தூக்கிக் காட்டிவிட்டு நகர்ந்தார்கள். முதலில் அக்கா. பிறகு விஜயஸ்ரீ, இடுப்பில் சின்னவளோடு. அறுபத்தோரு பேர்.

விசாரணை பாளையங்கோட்டையில், ஒரு அலுவலகத்தின் மாடியில் நடந்தது. நாங்கள் ஒரு வேன் நிறையப் போனோம். டீச்சரின் படம் ஆறு நிமிடம். அதில் பாட்டு இல்லை, வேறு பேச்சு இல்லை. பெயர், வயது, திறந்த வாய். பெயர், வயது, திறந்த வாய். இரண்டு நிமிடம் ஓடியதும் மேஜைக்குப் பின்னால் இருந்த அதிகாரி தன் வாயைக் கையால் மூடிக்கொண்டார். அவருக்கே அது தெரியவில்லை என்று நினைக்கிறேன். படம் முடிந்ததும், இருபத்திமூன்று பேரின் படங்களையும் தேதி வாரியாக டீச்சர் மேஜையில் அடுக்கினார்.

கம்பெனி வக்கீல் எழுந்தார். “கிராமத்து ஆளுங்க, வெத்தலை போடுற வாய். அதில கோடு இல்லாம வேற என்ன இருக்கும்?”

“நாலு வயசுப் பிள்ள எங்கன வே வெத்தல போடுது?” என்று கேட்டார் ஆவுடைத்தாய் அக்கா, உட்கார்ந்த இடத்திலிருந்தே. “உங்க வீட்டுல போடுதா?”

யாரும் சிரிக்கவில்லை. அதிகாரி எங்கள் எல்லாருக்கும் ரத்தப் பரிசோதனை எழுதினார். குழாயைப் பூட்டி லாரியில் தண்ணீர் கொடுக்கச் சொன்னார். பரிசோதனை முடிவு வரும்வரை கம்பெனி அடுப்பை அணைக்க வேண்டும் என்று உத்தரவு போட்டார். வேனில் திரும்பி வரும்போது விஜயஸ்ரீ தூங்கிவிட்டாள். இறந்த ஏழு பேரை எடுத்த அதே கேமரா டீச்சர் மடியில் இருந்தது. யாரும் விலகி உட்காரவில்லை.

குழாயைப் பூட்டிய மூன்றாவது நாள். காலை பத்து மணிக்குத் தண்ணீர் லாரிக்காகக் குடங்களை வரிசையில் வைத்துவிட்டுப் பெண்கள் உட்கார்ந்திருந்தார்கள். லாரி எவ்வளவு தண்ணீர் கொடுக்கிறது என்று குறித்துக்கொள்ள டீச்சரும் வந்திருந்தார். ஆவுடைத்தாய் அக்கா குழாயடிக் கல்லில் உட்கார்ந்து, தொங்குகிற கையைக் கீழே போகிற பெரிய இரும்புக் குழாய் மேல் வைத்திருந்தார்.

“டீச்சர், இங்கன வந்து தொட்டுப் பாருங்க. இது அதிருது.”

டீச்சர் மண்டிபோட்டுக் காதை வைத்தார். உள்ளே தண்ணீர் ஓடிக்கொண்டிருந்தது. நிற்காமல், ஒரே சீராக.

பம்ப் ஆபரேட்டர் பாக்கியசீலன் அந்தப் பக்கமாக சைக்கிளில் வந்தார். அவரை நிறுத்திக் கேட்டார்கள்.

“பம்ப் ஓடத்தான செய்யும். கீழத்தெரு வால்வ மட்டுந்தான் பூட்டச் சொல்லி எழுத்து வந்திருக்கு. லைன் இங்கன முடியலல்லா, டீச்சர். இதுக்கு அங்கிட்டு மூணு ஊருக்குப் போகுது.”

“அங்க யார்ட்டயும் சொல்லலையா?”

“அங்க யாரும் மனுக் குடுக்கலயே” என்றார் பாக்கியசீலன். அவர் தப்பாக ஒன்றும் சொல்லவில்லை. சைக்கிளை மிதித்துப் போய்விட்டார்.

டீச்சர் ஸ்கூட்டரை எடுக்கவில்லை. குழாய் வாழைத் தோட்டங்களுக்குள்ளே போகிறது, வண்டி போகாது. தோளில் பையை மாட்டிக்கொண்டு அதை ஒட்டியே நடந்தார். சில இடத்தில் குழாய் மண்ணுக்குள் போய்விடும். அங்கே குனிந்து, தரையில் கையை வைத்து, அதிர்வைத் தடவித் தடவிக் கண்டுபிடித்துப் போனதாகச் சொன்னார். ஒன்றரை மணி நேரம் நடந்து முதல் ஊருக்கு வந்தபோது உச்சி வெயில். குழாய் மண்ணை விட்டு மேலே வந்த இடத்தில் ஒரு வீடு. வாசலில் சாரம்மாள் என்ற ஒரு பெண் பாத்திரம் கழுவிக்கொண்டிருந்தார்.

டீச்சர் வாசலில் போய் நின்றார்.

“யாரும்மா? இந்த வெயில்ல நடந்தா வாரிய?” சாரம்மாள் எழுந்து கையைத் துடைத்துக்கொண்டு உள்ளே போனார். செம்பு நிறையத் தண்ணீர் கொண்டுவந்து நீட்டினார். “மொதல்ல இதக் குடிங்க. பொறவு பேசலாம்.”

டீச்சர் இரண்டு கையாலும் வாங்கிக்கொண்டார். செம்பு சில்லென்று இருந்தது. குடிக்காமல், கீழேயும் வைக்காமல், அந்தப் பெண்ணின் முகத்தைப் பார்த்துப் பேச ஆரம்பித்தார்.